நீர்யானை முன்னிலையில்

வண்டலூர் ஜூவுக்கு நான் முதன்முதலில் போனபோது எனக்கு ஒன்பது வயது. போகும்போது புலி, சிங்கம், வெள்ளை மயில் என்று மனதுக்குள் பெரிய பட்டியல் வைத்திருந்தேன். திரும்பி வரும்போது நான் பார்த்திருந்தது ஒரே ஒரு நீர்யானையின் முதுகை மட்டும்தான். அதையும் முழு முதுகு என்று சத்தியம் செய்ய மாட்டேன். தண்ணீருக்கு மேலே தெரிந்த வரைக்கும் பார்த்தேன். மறுநாள் பள்ளிக்கூடத்தில் கேட்டவர்களிடம் புலி என்னைப் பார்த்து உறுமியதாகச் சொல்லிவிட்டேன், வேறு வழியில்லை.

இதில் புலியின் தப்பு ஒன்றுமில்லை. எங்கள் வீட்டிலிருந்து அன்று யாரும் மிருகம் பார்க்கப் போகவில்லை. அத்தையை மாப்பிள்ளை வீட்டாருக்குக் காட்டுவதற்காகப் போனோம்.

அத்தை என்றால் அப்பாவின் தங்கை. சேலையூரில் கேம்ப் ரோட்டை ஒட்டிய எங்கள் வீட்டில் எங்களோடுதான் இருந்தாள். பக்கத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். இருபத்தொன்பது முடிந்து முப்பது நடந்துகொண்டிருந்தது. அதற்குள் ஆறு குடும்பங்கள் வந்து சொஜ்ஜியும் பஜ்ஜியும் சாப்பிட்டுவிட்டுப் போயிருந்தன. ஆறாவது குடும்பம் சட்னியை இரண்டாவது தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டது. அந்த மாப்பிள்ளையின் அக்கா, பெண்ணைக் கொஞ்சம் நடந்து காட்டச் சொன்னாள். அத்தை ஹாலிலிருந்து சமையலறை வரைக்கும் போய்த் திரும்பி வந்தாள். வீட்டுக்குப் போய் போன் பண்ணுகிறோம் என்று கிளம்பினார்கள். அந்த போன் வரவேயில்லை.

ஒரு வாரம் பொறுத்துப் பார்த்துவிட்டு அத்தை அப்பாவிடம் சொன்னாள். "அண்ணா, இனிமே தட்டைத் தூக்கிட்டு யார் முன்னாடியும் வந்து நிக்க மாட்டேன். என்னால முடியல." சத்தமாகச் சொல்லவில்லை. அவள் கத்தியிருந்தால் அப்பாவும் பதிலுக்குக் கத்தியிருப்பார், விஷயம் அதோடு முடிந்திருக்கும். மெதுவாகச் சொன்னதால் அப்பா பயந்துபோனார். தங்கைக்குக் கல்யாணம் ஆகாமல் போய்விடுமோ என்ற கவலையில் அவருக்கு அப்போதே பாதி தலை நரைத்திருந்தது.

அம்மாதான் ஒரு வழி சொன்னாள். எதேச்சையாகப் பார்த்துக்கொள்ளலாமே என்றாள்.

இந்த எதேச்சை எங்கள் சனங்களிடம் இன்றைக்கும் இருக்கிற ஏற்பாடு. இரண்டு குடும்பங்களும் ஒரு பொது இடத்துக்கு ஏதோ தற்செயலாக வந்ததுபோல வர வேண்டும். பையன் பார்ப்பான், பெண் பார்ப்பாள். பிடித்திருந்தால் மேற்கொண்டு தரகர் மூலம் பேச்சு நடக்கும். பிடிக்காவிட்டால் யாரும் யாரையும் பார்க்க வரவேயில்லை. ஆகவே யாரும் யாரையும் வேண்டாம் என்று சொல்லவும் இல்லை. இதற்கு ஒரே நிபந்தனை, வந்த காரியத்தைப் பற்றி யாரும் வாயைத் திறக்கக் கூடாது. தட்டு இல்லை என்பதால் அத்தை இரண்டு நாள் யோசித்துவிட்டுச் சரி என்றாள்.

முதலில் சிங்கப்பெருமாள் கோவிலில்தான் ஏற்பாடாயிற்று. அங்கே மூலவர் பாறையிலேயே இருக்கிறார், அவரைப் பிரதட்சணம் செய்ய வேண்டுமென்றால் குன்றையே சுற்ற வேண்டும். சுற்றும்போது எதிர்ப்படுவோம் என்று அப்பா தரகரிடம் சொல்லியிருந்தார். நாங்கள் சுற்றினோம். மாப்பிள்ளை வீட்டாரும் சுற்றினார்கள். இரண்டு குடும்பமும் பக்தி உள்ள குடும்பம், ஆகவே இரண்டும் வலமாகவே சுற்றின. யாரும் அப்பிரதட்சணமாகப் போகத் துணியவில்லை. மூன்று சுற்று முடிந்து நாங்கள் புளியோதரையைச் சாப்பிட்டுவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டோம். குன்றின் மறுபக்கத்தில் தாங்களும் அதையேதான் செய்ததாக அவர்கள் பிறகு சொல்லியனுப்பினார்கள்.

ஆடி பிறக்க இன்னும் ஒரு ஞாயிற்றுக்கிழமைதான் பாக்கி இருந்தது. ஆடி வந்துவிட்டால் பேச்சையே எடுக்க முடியாது, அதற்குள் அந்தப் பையனை வேறு யாராவது கொத்திக்கொண்டு போய்விடுவார்கள் என்று அப்பா தவித்தார். யாரும் சுற்றாத இடமாகப் பார்க்க வேண்டும் என்று யோசித்து, ஜூவில் நீர்யானைத் தொட்டியைத் தேர்ந்தெடுத்தார். அங்கே பெஞ்சு உண்டு, நிழல் உண்டு, நீர்யானை எங்கேயும் நகராது.

மாப்பிள்ளையின் முகம் எங்களில் யாருக்கும் சரியாகத் தெரியாது. தரகர் கொடுத்த படம் யாருடைய கல்யாணத்திலோ நாற்பது பேரை நிற்க வைத்து எடுத்தது. அதில் மூன்றாவது வரிசையில் ஒரு பெரியவரின் தலைப்பாகைக்குப் பின்னால் ஒரு காதும் பாதி மீசையும் தெரிந்தன. அது போதாது என்று அப்பா அடையாளம் கேட்டு வாங்கியிருந்தார். இளநீலச் சட்டை, கையில் மஞ்சள் துணிப்பை. நேரம் சாயங்காலம் நான்கரை. மறைமலை நகரில் கம்பெனி உத்தியோகம். தரகருக்கு அன்று வேறொரு வீட்டில் நிச்சயதார்த்தம், அவர் வர மாட்டார்.

எனக்கும் வேலை இருந்தது. குழந்தை இல்லாமல் ஜூவுக்குப் போனால் சந்தேகம் வரும் என்பதால் என்னை அழைத்துப் போனார்கள். யாராவது ஏதாவது கேட்டால் "நாங்க புலி பார்க்க வந்தோம்" என்று மட்டும் சொல்ல வேண்டும், வேறு ஒரு வார்த்தை வாயிலிருந்து வரக் கூடாது என்று அப்பா பஸ்ஸில் தாம்பரம் தாண்டும்வரை எனக்குப் பாடம் நடத்தினார். எங்கள் வீட்டில் என்னை நம்பி ஒப்படைத்த முதல் ரகசியம் அது. உயிரே போனாலும் சொல்ல மாட்டேன் என்று முடிவு செய்துகொண்டேன்.

அத்தை பட்டுப் புடவை கட்ட மறுத்துவிட்டாள். பள்ளிக்கூடத்துக்குக் கட்டுகிற காட்டன் புடவை, தோளில் ஹேண்ட்பேக், கையில் அவளுடைய கறுப்புக் குடை. அந்தக் குடையையாவது வீட்டில் வைத்துவிட்டு வா என்று அம்மா கெஞ்சிப் பார்த்தாள். வெயில் அடிக்குமே அண்ணி என்று அத்தை எடுத்துக்கொண்டு வந்துவிட்டாள்.

அப்பாவின் திட்டம் ஜூ வாசலிலேயே கவிழ்ந்தது. பிளாஸ்டிக் பை எதுவும் உள்ளே போகக் கூடாது என்று காவலாளி எல்லார் பையையும் சோதித்தார். பிளாஸ்டிக் கவர் வைத்திருந்தவர்கள் பக்கத்தில் மேசை போட்டு விற்ற துணிப்பையை வாங்கிச் சாமான்களை அதற்கு மாற்றிக்கொண்டார்கள். அம்மாவும் தயிர்சாத டப்பாவை அப்படித்தான் மாற்றினாள். எல்லாப் பையும் மஞ்சள். உள்ளே போய்ப் பார்த்தால் கண்ணுக்கெட்டிய தூரம்வரை மஞ்சள் பைகள் நடமாடின. அப்பா ஒரு நிமிஷம் அப்படியே நின்றுவிட்டார். பிறகு, சட்டை இருக்கிறதே, சட்டையை வைத்துக் கண்டுபிடித்துவிடலாம் என்று எங்களுக்குத் தைரியம் சொன்னார்.

நீர்யானைத் தொட்டிக்கு முன்னால் பெஞ்சில் இளநீலச் சட்டை போட்ட ஒருவர் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் அவர் அம்மா. நடுவில் மஞ்சள் பை. சரியாக நான்கரை மணி. அப்பா அம்மாவின் முழங்கையை இடித்தார், அம்மா அத்தையின் முழங்கையை இடித்தாள், அத்தை என்னை இடிக்காமல் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அந்த அம்மா எங்களைப் பார்த்ததும் நகர்ந்து இடம் கொடுத்தார். "வாங்கம்மா, குந்துங்க. ரொம்ப நேரமா இது எழுந்துக்கும்னு பார்த்துகினு கீறோம், அசைய மாட்டேங்குது." அவர் பேச்சைக் கேட்டு அப்பா கொஞ்சம் யோசித்தது போலிருந்தது. பிறகு, பந்தா இல்லாத மனுஷங்க என்று அம்மாவின் காதில் சொன்னார்.

அந்த இளநீலச் சட்டைக்காரரால் அதற்குப் பிறகு ஓரிடத்தில் உட்காரவே முடியவில்லை. எழுந்து நின்றார், நடந்தார், தானாகச் சிரித்துக்கொண்டார். எங்களைப் பார்த்ததும் மஞ்சள் பையிலிருந்து ஒரு டப்பாவைத் திறந்து எல்லாருக்கும் லட்டு நீட்டினார். "எடுத்துக்குங்க சார். ஒரு சந்தோஷமான சமாச்சாரம்..."

அப்பா கையை உயர்த்தித் தடுத்தார். "தெரியும் தம்பி. சொல்லவே வேண்டாம். எல்லாம் நல்லபடியா நடக்கும்."

நிபந்தனையைக் காப்பாற்றிவிட்ட திருப்தி அப்பாவின் முகத்தில் தெரிந்தது. அவருக்கு எப்படித் தெரிந்தது என்று அந்த அம்மாவும் மகனும் வாயைப் பிளந்தார்கள். அந்த அம்மா அப்பாவை ஜோசியர் என்றே முடிவு செய்துவிட்டார் போலிருக்கிறது. அதற்குப் பிறகு காலை மடக்கி உட்கார்ந்து, தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டுதான் பேசினார். பூசம் நல்ல நட்சத்திரம்தானே சாமி என்று கேட்டார். மாப்பிள்ளையின் நட்சத்திரமும் பூசமாகவே இருந்ததால், பூசத்துக்கு என்ன குறைச்சல், ராஜயோகம் என்று அப்பா அடித்துச் சொன்னார். அந்த அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பிறகு அவர் தன் மகனைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார். குறட்டை விடுவான், கத்திரிக்காய் சாப்பிட மாட்டான், கணக்கில் மூன்று தடவை பெயில், மறைமலை நகர் கம்பெனியில் ஷிப்டு வேலை, எப்போது வருவான் எப்போது போவான் என்று தெரியாது என்றெல்லாம் ஒன்று விடாமல் சொன்னார். மறைமலை நகர் என்று கேட்டதும் அப்பாவுக்கு இருந்த கொஞ்சநஞ்சச் சந்தேகமும் போயிற்று. எதையும் மறைக்காத இப்படிப்பட்ட சம்பந்தம் எந்த ஜென்மத்தில் கிடைக்கும் என்று உருகிப்போனார். தங்கையைப் பற்றியும் ஒன்றிரண்டு குறை சொன்னால்தானே மரியாதையாக இருக்கும் என்று நினைத்தாரோ என்னவோ, அவளுக்குக் கோபம் வரும் என்று சொல்லிவைத்தார். கோபம் வராத பொண்ணு எதுக்கு ஆகும் என்றார் அந்த அம்மா.

இதற்கிடையில் அத்தையும் அவரும் தொட்டியின் கம்பிவேலியைப் பிடித்துக்கொண்டு நீர்யானையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் இரண்டு உள்ளங்கைகளையும் கொஞ்சம் இடைவெளி விட்டுப் பிடித்து ஏதோ அளவு காட்டினார். அப்புறம் சுண்டுவிரலைக் காட்டினார். மீன் பிடித்த கதை சொல்கிறார் என்று நான் நினைத்தேன். அத்தை முதலில் அவரை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு சிரித்தாள். பெண் பார்க்க வந்த எவர் முன்னாலும் அத்தை சிரித்து நான் பார்த்ததில்லை. பல் தெரிய, குடையைக் கம்பியில் தட்டிக்கொண்டு சிரித்தாள். எனக்கு அவரை ரொம்பப் பிடித்துப்போயிற்று. இவரே மாமாவாக வர வேண்டும் என்று நீர்யானையைக் கும்பிட்டுக்கொண்டேன்.

நீர்யானை எழுந்திருக்கிற மாதிரி தெரியவில்லை. எனக்குச் சலிப்பாக இருந்தது. தொட்டியைச் சுற்றிக்கொண்டு எதிர்ப்பக்கம் போனேன்.

அங்கேயும் ஒரு பெஞ்சு இருந்தது. அதில் இளநீலச் சட்டை போட்ட இன்னொருவர் உட்கார்ந்திருந்தார். இஸ்திரி மடிப்பு கத்தி மாதிரி நின்றது. பெஞ்சின் மிச்ச இடத்தில் அவருடைய ஹெல்மெட்டும் மஞ்சள் பையும் இருந்தன. அவருடைய அம்மா பக்கத்தில் நின்றுகொண்டு, ஜூவின் வரைபடத்தை மடித்து அவருக்கு விசிறிக்கொண்டிருந்தாள். அக்காவோ தங்கையோ ஒருத்தி இன்னொரு பக்கம் நின்று, போகிற வருகிற பெண்களைக் காலிலிருந்து தலைவரைக்கும் பார்த்து அவரிடம் தலையை ஆட்டினாள். ஒரு காலேஜ் பெண் அவர்களைத் தாண்டும்போது துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு வேகமாக நடந்தாள். "நிறம் கம்மி. இவளா இருக்காது" என்றார் அவர். "இன்னும் எவ்வளவு நேரம்மா" என்று அலுத்துக்கொண்டார்.

அந்த அம்மா என்னைப் பார்த்துவிட்டு விசிறுவதை நிறுத்தினாள். "பாப்பா, நீங்க சேலையூர்லேர்ந்து வர்றீங்களா?"

என் சோதனை நேரம் வந்துவிட்டது என்று எனக்குத் தெரிந்துபோயிற்று. நிமிர்ந்து நின்று, "நாங்க புலி பார்க்க வந்தோம்" என்றேன். யார்கூட வந்தாய், அத்தை இருக்கிறாளா என்று அவள் மறுபடியும் கேட்டாள். நாங்கள் புலி பார்க்க வந்தோம் என்று மறுபடியும் சொன்னேன். புலி அந்தப் பக்கம் இருக்கிறது என்றார் இஸ்திரிச் சட்டைக்காரர். நான் ஓடி வந்துவிட்டேன்.

நேராக அத்தையிடம் போய் அவள் காதில் நடந்ததைச் சொன்னேன். எதிரில் இன்னொரு நீலச் சட்டை இருக்கிறது, அவர்கள் சேலையூரா என்று கேட்டார்கள் என்றேன்.

அத்தை தொட்டிக்கு அந்தப் பக்கம் பார்த்தாள். "நீ என்ன சொன்ன?"

"புலி பார்க்க வந்தோம்னு சொன்னேன்."

"கரெக்டா சொல்லியிருக்க" என்று என் கன்னத்தைத் தட்டினாள். எனக்கு ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுத்து, அவசரம் இல்லை, மெதுவாகச் சாப்பிடு என்றாள். தொட்டி ஓரத்தில் என்னைத் தனக்கு முன்னால் நிறுத்திக்கொண்டு குடையை விரித்தாள். குடையை ரொம்பத் தாழ்த்திப் பிடித்ததால் எனக்கு நீர்யானைகூடச் சரியாகத் தெரியவில்லை. ஐஸ்கிரீம் உருகி முழங்கைவரை வழிந்து, நான் அதையும் நக்கி முடிக்கிறவரை அத்தை அசையாமல் நின்றாள்.

விசில் ஊதினார்கள். மூடுகிற நேரம், எல்லாரும் கிளம்புங்கள் என்று காவலாளிகள் கூட்டத்தை விரட்ட ஆரம்பித்தார்கள். எதேச்சையின் நிபந்தனையை அதற்கு மேலும் காப்பாற்ற அப்பாவால் முடியவில்லை. லட்டு கொடுத்தவரின் அம்மா முன்னால் கையைக் கூப்பிக்கொண்டு நின்றார்.

"எங்களுக்குப் பரிபூரண சம்மதம். உங்க பையனுக்கு என் தங்கச்சியைப் பிடிச்சிருக்குன்னா ஆவணியிலேயே வெச்சுக்கலாம்."

அந்த அம்மாவின் கையிலிருந்த லட்டு டப்பா சாய்ந்தது. "இன்னா சாமி சொல்றீங்க? இவன் பொண்டாட்டி குரோம்பேட்டை ஆஸ்பத்திரில கீறா. நேத்துதான் கொழந்தை பொறந்துச்சு. அங்க இவன் நிக்காம நடந்துகினே இருந்தானா, எல்லாருக்கும் பேஜாராயிடுச்சு. உங்கம்மாவைக் கூட்டிகினு எங்கயாச்சும் போய்ட்டு வான்னு அவதான் தொரத்தினா. எல்லாம் தெரியும்னு நீங்கதானே சொன்னீங்க?"

அப்பாவின் முகத்தை நான் அதற்கு முன்னும் பின்னும் அப்படிப் பார்த்ததில்லை. அந்த மனிதர்தான் நிலைமையைச் சமாளித்தார். பரவாயில்லை சார், குழந்தையை நல்லா வாழ்த்தினீங்க இல்ல, அது போதும் என்று சொல்லி அப்பாவின் கையில் இன்னும் இரண்டு லட்டு வைத்தார். அத்தையிடம் மட்டும், "வர்றேன் டீச்சர், கணக்கு நீங்கதான் சொல்லித் தரணும் என் பொண்ணுக்கு" என்றார். அனுப்பிவையுங்கள் என்றாள் அத்தை.

பஸ்ஸில் அப்பா ஜன்னலைப் பார்த்தபடி வந்தார். பெருங்களத்தூர் வரைக்கும் அடக்கிப் பார்த்த அம்மா அங்கே வெடித்துவிட்டாள். முந்தானையை வாயில் வைத்து அடைத்துக்கொண்டு, தாம்பரம் வரும்வரை குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். அப்பா அவளை முறைத்துவிட்டு, கடைசியில் கையிலிருந்த லட்டைத் தின்றார்.

மறுநாள் காலையில் தரகர் போன் செய்தார். மாப்பிள்ளை வீட்டார் மூடுகிறவரை நீர்யானைக்கு எதிரில்தான் உட்கார்ந்திருந்தார்களாம். யாரோ ஒரு குழந்தைதான் வந்து புலி புலி என்று சொல்லிவிட்டு ஓடிப்போயிற்றாம். அப்பா ரிசீவரைக் காதில் வைத்தபடியே மெதுவாகத் திரும்பி என்னைப் பார்த்தார். நான் பெருமையோடு தலையை ஆட்டினேன்.

பெருந்தன்மையான மனிதர்களாம், ஆடி பிறக்க இன்னும் இரண்டு நாள் இருக்கிறது, வேண்டுமென்றால் வேறு எங்கேயாவது எதேச்சையாகப் பார்த்துக்கொள்ளலாம் என்றார்களாம். அப்பாவுக்கு உயிர் திரும்பி வந்தது. பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பிக்கொண்டிருந்த அத்தையைக் கூப்பிட்டுச் சொன்னார்.

"வேண்டாம்ணா" என்றாள் அத்தை, செருப்பை மாட்டிக்கொண்டே. "நான் பார்த்துட்டேன். பிடிக்கல."

"நீ எப்ப பார்த்த?"

"நேத்துதான். எதேச்சையா."

குடையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அப்பா மறுபடியும் போனை எடுத்தார். அப்புறம் தரகரிடம் என்ன சொன்னாரோ, அந்தப் பேச்சு அதோடு நின்றுபோயிற்று.

இரண்டு வருஷம் கழித்து அத்தைக்குக் கல்யாணம் நடந்தது. மாமா ஒரு வங்கியில் கவுண்டரில் இருந்தார். ஜாதகம் வந்த மறுநாளே அத்தை அந்த வங்கிக்குப் போய், வரிசையில் இரண்டு தடவை நின்று, காது கேட்காத ஒரு பெரியவருக்கு அவர் ஒரு படிவத்தை நான்கு முறை பொறுமையாக விளக்கியதைப் பார்த்துவிட்டு வந்துதான் சம்மதம் சொன்னாளாம். தன்னை ஒருத்தி பார்த்துவிட்டுப் போனது மாமாவுக்குக் கல்யாணமாகி ஆறு மாதம் வரைக்கும் தெரியாது.

அன்று ஜூவில் எனக்கு ஐஸ்கிரீம் கிடைத்தது ரகசியத்தைக் காப்பாற்றியதற்கான பரிசு என்றுதான் இத்தனை வருஷமும் நினைத்துக்கொண்டிருந்தேன். இப்போது எனக்கு இருபத்தாறு. போன வாரம் அம்மா என்னிடம் தயங்கித் தயங்கி, வரும் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வேளச்சேரியில் ஒரு மாலுக்குப் போகலாமா, தெரிந்தவர்கள் யாராவது எதேச்சையாக வந்தாலும் வரலாம் என்றாள். நான் சண்டை போட்டுவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். ராத்திரி சாப்பாட்டுக்கு முன்னால் அத்தை போன் பண்ணினாள். போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை.

"அரை மணி முன்னாடியே போயிடு" என்றாள். "குடையை எடுத்துட்டுப் போ."

மாலுக்குள் வெயிலும் இல்லை, மழையும் இல்லை, எதற்குக் குடை என்று கேட்க வாயைத் திறந்தேன். அன்றைக்கும் நீர்யானைத் தொட்டியின் மேல் வெயில் இல்லை. அது எப்போதோ மரங்களுக்குப் பின்னால் இறங்கிவிட்டிருந்தது. நீர்யானை தண்ணீரை வாரி அடித்தால் என்மேல் படாமல் இருக்கத்தான் அத்தை குடை பிடிக்கிறாள் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.